கடலுக்கு வாசித்த தாள்

இதில் ஒரு சொல் பொய்யென்றால், வாயில் மிச்சமிருக்கும் நாலு பல்லும் இன்றைக்கே கொட்டட்டும். அத்தனையும் நிஜம்.

மீன்பிடித் துறைமுகத்தில் அறிவிப்பு வாசிப்பவருக்கு ‘மைக்செட்’ என்று பட்டப்பெயர். இருபத்திரண்டு வருஷமாக எந்தத் தாள் வந்தாலும் முதல் எழுத்திலிருந்து கடைசிப் புள்ளி வரை வாசித்துவிட்டுத்தான் மூச்சு விடுவார். பாதியில் நிறுத்துவது அவர் ஜாதகத்திலேயே இல்லை.

அந்த வாரம் மேலிடத்திலிருந்து புதுத் தாள் ஒன்று வந்தது. கடலைப் பற்றி நாலு சொல், நாலு பொருள். இனி அறிவிப்பில் இவைதான் வரவேண்டுமாம். முதல் நாள் வாசித்து முடிப்பதற்குள் படகுக்காரர்கள் அறிவிப்பு அறை ஜன்னலுக்கு வந்துவிட்டார்கள்.

“அண்ணே, ஓதம்னா என்னண்ணே? திங்கிறதா, பூசிக்கிறதா?”

“கடல் ஏறி வர்றதுய்யா.”

“அதை ஏத்தம்னு சொன்னா உங்க வாய் சுளுக்கிக்குமா?”

படகுக்காரர்களுக்குப் புரியவில்லை, சரி. ஆனால் கடல் கிழட்டுக் கடல். இந்தச் சொற்களெல்லாம் பச்சைக் குழந்தையாய் இருந்த காலத்திலிருந்தே அது அங்கே கிடக்கிறது. அதற்கு நன்றாகவே புரிந்தது; இரண்டு நாளும் சும்மா கேட்டுக்கொண்டு கிடந்தது. மைக்செட்டுக்கு இது தெரியவந்தது மூன்றாம் நாள் காலையில்.

அவருடைய அக்கா தலைவிரிகோலமாக அறைக்குள் ஓடிவந்தாள். “தம்பி, உங்க அத்தான் படகு இன்ஜின் நின்னுபோச்சுடா! துறைமுக வாயில மணல்திட்டுல ஏறிக்கிச்சு. அலை போட்டு அடிக்குது, கிட்டப் போக ஒருத்தராலயும் முடியல.”

ஜன்னலில் பார்த்தார். படகு ஒருக்களித்துக் கிடந்தது. இன்னும் பத்து அலை தாங்கும். பதினோராவதில் பலகை பிரிந்துவிடும். அத்தான் கம்பத்தைக் கட்டிப்பிடித்துக்கொண்டிருந்தார்.

“நான் என்னக்கா பண்ண முடியும்? எனக்கு நீச்சல்கூடத் தெரியாதே.”

“பொறந்ததுலேர்ந்து கத்திக்கிட்டுதானே இருக்கே? கத்து!”

கைக்கு அகப்பட்டது அந்தத் தாள்தான். மைக் பொத்தானைத் தட்டினார்.

“ஓதம். அதாவது, கடல்நீர் உயர்ந்து வருதல்.”

கடல் ஓர் ஆள் உயரம் எழுந்தது. தூங்கும் பிள்ளையைத் தொட்டிலிலிருந்து எடுப்பதுபோல், படகைத் திட்டிலிருந்து அலுங்காமல் தூக்கியது. அங்கேயே நிறுத்தியிருக்கலாம். பழக்கதோஷம் விடவில்லை.

“சுழி. அதாவது, நீர் வட்டமாகச் சுற்றுதல்.”

படகு ஒரே இடத்தில் பதினேழு சுற்று சுற்றியது.

“அடப்பாவி! உங்க அத்தான் என்ன பம்பரமா?”

மூன்றாவது சொல் கொந்தளிப்பு. மைக்செட் அதைக் கட்டைவிரலால் மூடினார். நாலாவது வற்றம். நீர் வற்றினால் படகு மறுபடி மணலில். அதையும் ஆள்காட்டி விரலால் மூடினார். கடல் அடங்குவதற்குத் தாளில் சொல்லே இல்லை; மேலிடத்துக்கு அது தேவைப்படவில்லை போலும். தாளின் அடியில், விரல்களுக்கு வெளியே மிஞ்சியது ஒரே வரி.

“நன்றி.”

தினமும் தும்மல்போல் போட்டுவிட்டுப் போகும் சொல். இன்றைக்குத்தான் அதை நின்று பார்த்தார். வீட்டில் அடுப்பெரிந்தது இந்தத் தண்ணீரால். அக்கா கல்யாணம் நடந்தது இந்தத் தண்ணீரால். ஒருநாளாவது யாராவது அதனிடம் சொல்லியிருக்கிறோமா?

“அதாவது…” என்றார். இதற்குப் பொருள் தாளில் போடவில்லை. சொந்தமாகத்தான் சொல்லவேண்டியிருந்தது. “அதாவது, இத்தனை வருஷமா சாயங்காலமானா அத்தானைத் திருப்பி அனுப்பினியே, அதுக்கு.”

கடல் அப்படியே நின்றது. தன்னைத்தான் சொன்னார்களா என்று யோசிப்பதுபோல் கொஞ்ச நேரம். அப்புறம் தட்டில் ஊற்றிய பாலாகப் படிந்து, படகை மெல்லத் தள்ளிக்கொண்டு வந்து படிக்கட்டோரம் சேர்த்தது.

அத்தான் தள்ளாடி இறங்கினார். “எவன்டா அது சுழின்னு வாசிச்சது?”

அக்கா அழுதாள், சிரித்தாள், அத்தான் முதுகில் ஒன்று வைத்தாள். பிறகு தம்பிக்கு டீ கொண்டுவந்தாள், மூன்று ஸ்பூன் சர்க்கரை போட்டு. “முதல் தடவையா உன் வாய் உருப்படியா ஒரு வேலை செஞ்சிருக்குடா.” இருபத்திரண்டு வருஷத்தில் அப்படியொரு டீயை அவர் குடித்ததில்லை.

இப்போதும் அங்கே கயிறு கட்டியதும் படகுக்காரர்கள் கடலைப் பார்த்து ஒரு நன்றி சொல்லிவிட்டுத்தான் வீட்டுக்குப் போகிறார்கள்.

அன்றைக்கு விடிந்ததிலிருந்து மத்தியானம் வரை துறைமுகம் முழுக்க, மைக்குக்கும் சேர்த்து, கரண்ட் இல்லை.