ருஷ்யாவுக்குப் போன முடிவு

எங்கள் படக் கம்பெனியில் ஒவ்வொரு கதைக்கும் இரண்டு முடிவு எடுப்போம். டென்மார்க்குக்கு நாயகன் பிழைப்பான், ருஷ்யாவுக்குச் சாவான். ருஷ்யாக்காரன் அழுதால்தான் டிக்கெட் வாங்குவான் என்பது முதலாளிகளின் கண்டுபிடிப்பு. அந்தந்த முடிவை அந்தந்தப் பிரதியில் ஒட்டுவது என் வேலை.

அந்த வருடம் எடுத்தது சிறையிலிருந்து தப்பி ஓடுகிறவனின் கதை. ஓடியவன் ஐவின். நடிப்பு சுத்தமாக வராது, ஆனால் முயல் மாதிரி ஓடுவான். காரணத்தை என்னிடம் மட்டும் சொல்லியிருந்தான். யூட்லாந்துப் பக்கம் ஒரு பண்ணையில் சவுக்கால் அடித்த எஜமானைத் திருப்பி அடித்துவிட்டு, நிஜமாகவே ஓடி வந்தவன் அவன். படம் முழுக்க ஒட்டுத்தாடி என்பதால் தைரியமாகச் சேர்ந்திருந்தான்.

படப்பிடிப்பின் கடைசி நாள் டைரக்டர் வின்தர் அந்தத் தாடியைப் பிய்த்துப் போட்டார். பிழைத்தவன் முகம் தெரிய வேண்டுமாம், காமிராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டுமாம். மறுத்தால் சந்தேகம் வரும். பாவம், சிரித்துத் தொலைத்தான்.

எங்கள் ஊர் கோபன்ஹேகனில் சனிக்கிழமை முதல் காட்சி. ஐவின் அமெரிக்காவுக்குக் கப்பலேறுவது திங்கட்கிழமை. எங்கள் தெருப் போலீஸ்காரர் கோஃபொத் சனிக்கிழமைப் படம் ஒன்றையும் விட்டதில்லை. போலீஸ் தேடுகிற ஐவினின் புகைப்படமோ அவருடைய ஸ்டேஷன் சுவரில் தொங்கியது.

“மாட்டிக்கிட்டேன், மெத்தே. இன்னும் ரெண்டே நாள்தான் இருந்துச்சு,” என்றான்.

எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. கத்தரியை எடுத்தேன். சிரிக்கிற முகத்தை ருஷ்யப் பிரதியில் ஒட்டினேன். தாடியோடு கடலில் மூழ்குகிறவனை எங்கள் ஊருக்கு ஒட்டினேன்.

சனிக்கிழமை திரையில் ஐவின் மூழ்கியதும் வின்தர் என்னை விழுங்குவதுபோல் திரும்பிப் பார்த்தார். கை தவறி மாறிவிட்டது என்று சொல்லத் தயாராக இருந்தேன். ஆனால் சுற்றிலும் ஆட்கள் கைக்குட்டையில் முகம் புதைத்து அழுவதைப் பார்த்ததும் பேசாமல் உட்கார்ந்துவிட்டார்.

வாசலில் கோஃபொத் கண் சிவந்து நின்றார். என் வேலை அவருக்குத் தெரியும்.

“அவனப் பொழைக்க விட்டிருக்கக் கூடாதா, மெத்தே? என்னமா ஓடினான்!”

“ருஷ்யாவுல பொழைச்சுக்கறான், ஐயா.”

“நெஜமாவா?” மூக்கைச் சிந்திக்கொண்டு தொப்பியைப் போட்டார். “அப்பாடா. போற எடத்துலயாவது நல்லா இருக்கட்டும்.”

அவரைக் கட்டிக்கொண்டு அழலாம்போல் இருந்தது எனக்கு. திங்கட்கிழமை ஐவின் கப்பலேறினான்.