டை கட்டிய தயாரிப்பாளர்

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், சுவிற்சர்லாந்தின் டாவோஸ் முதியோர் இல்லத்தின் சாப்பாட்டறையில் நான்கு பேர் இருந்தார்கள். ஜன்னலோரம் சக்கர நாற்காலியில் ஐலீன். அவருக்கு எதிரே, கோட்டும் டையுமாகக் கணவர் கோர்டன். ஐலீனின் வலப்பக்கம், சூப்புக் கோப்பையும் கரண்டியுமாகப் பராமரிப்பாளர் றெஜினா. கதவடியில் அப்பிள் சீவிக்கொண்டிருந்தவள் சமையலறை நிரஞ்சினி.

யார் எங்கே இருந்தார்கள் என்பது ஐலீனுக்கு முக்கியம். இங்கிலாந்துப் படப்பிடிப்புகளில் அவருடைய வேலையே அதுதான். முந்தின ஷொட்டில் யார் எந்தக் கதிரையில் இருந்தார், கோப்பை எந்தக் கையில் இருந்தது என்று கண்ணில் வைத்திருப்பார். இப்போது பெயர்கள் போய்விட்டன. புருஷனின் முகமும் போய்விட்டது. ஆனால் ஒரு கதிரை சாண் அளவு நகர்ந்தாலும் இன்னும் கண்டுபிடித்துவிடுவார்.

அன்றும் கோர்டனைக் கண்டதும் றெஜினாவிடம் குரலைத் தாழ்த்தினார்.

"தயாரிப்பாளர் வந்திட்டார், பிள்ளை. வேலை பிந்திப்போச்செண்டு சொல்லிப்போடாதை. படத்தை நிப்பாட்டிப்போடுவார்."

ஐலீன் கரண்டியைத் தள்ளிவிட, சூப் மடியில் சிந்தியது. கோர்டன் எழுந்து வெளியே போனார்.

ஐலீன் சொன்னதில் பொய்யில்லை. விளக்குத் தூக்கும் பையனாகச் சேர்ந்து, ஐலீனோடு ஒரே படங்களில் வேலைசெய்து பெயரெடுத்த ஒளிப்பதிவாளராகி, பிறகு கமெராவை வைத்துவிட்டுத் தயாரிப்பாளரானவர் கோர்டன். முதலில் சினிமா, பின்னால் தொலைக்காட்சித் தொடர்கள். ஒரு நல்ல வெளிச்சத்துக்காக நாள் முழுக்கக் காத்திருந்த மனுஷன், கடைசியில் "நேரம் போகுது" என்று மற்றவர்களை விரட்டும் ஆளானார்.

றெஜினா போய்ப் பார்த்தபோது நடைபாதையில் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"அவள் பயப்பிடுறதாலை டொக்டர் என்னைக் குறைச்சு வரச் சொல்லுறார். லண்டனிலை ஒரு தொடருக்கு ஆலோசகரா வரச் சொல்லிக் கேட்டிருக்கினம். நான் போனால் அவள் நிம்மதியா இருப்பாளோ?"

றெஜினா அவரை வாங்கில் இருத்தினாள். திரும்பி வந்து மேசையைத் துடைத்தாள்.

"அக்கா," என்றாள் நிரஞ்சினி, "நீங்கள்தானே கோர்டன் சேரை மாப்பிள்ளை மாதிரி உடுத்தி விடுறனீங்கள்? அந்தக் கோட்டைக் கண்டால் எனக்கே அகதி விசாரணைக்குப் போன நாள் ஞாபகம் வருது. எந்தக் கேள்வி கேப்பாரோ எண்டு இருக்குது."

"வாயை மூடடி."

ஆனால் துடைத்த கை நின்றுவிட்டது. அவளுடைய ஊரான மன்னாரில் ஞாயிற்றுக்கிழமை நோயாளியைப் பார்க்கப் போனால் கோயிலுக்குப் போட்ட நல்ல உடுப்போடுதான் போவார்கள், அதுதான் மரியாதை. பழைய சுவெற்றரோடு வந்துகொண்டிருந்தவரிடம் அதைச் சொல்லி, டையைத் தன் கையாலேயே அயர்ன் பண்ணிக் கொடுத்தவள் றெஜினாதான். ஐலீனின் பயமும் அதற்குப் பிறகுதான் தொடங்கியது.

மாலையில் கோர்டனைப் பேருந்துவரை கூட்டிப்போனாள்.

"சேர், பிழை என்ரை. கமெரா பிடிச்ச காலத்திலை என்ன போட்டனீங்கள்? அதைப் போட்டுக்கொண்டு வாங்கோ."

அடுத்த ஞாயிறு முழங்கை தேய்ந்த சுவெற்றரோடு வந்தார். கழுத்தில் கறுப்பு நாடாவில் ஒரு சின்னக் கறுப்புக் கண்ணாடி தொங்கியது; வெளிச்சத்தை அளந்து பார்க்க ஒளிப்பதிவாளர்கள் வைத்திருப்பது. வணக்கம் ஒன்றும் சொல்லவில்லை. கதிரையில் இருந்து, ஒரு கண்ணை மூடி, கண்ணாடி வழியாக வெளியே பனியைப் பார்த்தார்.

ஐலீன் நிமிர்ந்தார்.

"எங்கை போனனீர் இவ்வளவு நாளும்? வெளிச்சம் போகப்போகுது."

"முகில் விலகட்டும்," என்றார் கோர்டன்.

"தயாரிப்பாளர் ஒவ்வொரு கிழமையும் வாறார். நான்தான் பயந்து கலைச்சுப்போட்டன். பாவம், அவரும் சாப்பிடாமல் இருக்கிறார். நீர் அவரோடை சண்டை பிடியாதையும்."

"இல்லை. பிடிக்கமாட்டன்."

கண்ணாடியை அவர் கண்ணிலிருந்து இறக்கவே இல்லை. றெஜினா சூப்பை வீணாகக் கிண்டினாள்.

"அந்தக் கதிரை பிழை," என்றார் ஐலீன். "முந்தின ஷொட்டிலை நீர் இவ்வளவு தூரத்திலை இருக்கேல்லை. கிட்ட போடும்."

கோர்டன் கதிரையை இழுத்துப் போட்டார். "இன்னும்," என்றார் ஐலீன். முழங்காலோடு முழங்கால் முட்டும் வரை இழுக்கச் சொன்னார். பிறகுதான் வாயைத் திறந்து சூப்பை வாங்கினார்.

சாப்பாடு முடிந்ததும் அதே மேசையில் கோர்டன் லண்டனுக்கு எழுதினார். அழைத்ததற்கு நன்றி, வர முடியாது, இங்கே மறுபடியும் கமெரா வேலை கிடைத்திருக்கிறது, அவ்வளவுதான். முகவரியை றெஜினா எழுதினாள். உறையின் ஓரத்தை அழுத்தி ஒட்டி, முத்திரையும் ஒட்டி, பேருந்து நிறுத்தத்தடி மஞ்சள் தபால் பெட்டிக்குள் போட்டுவிட்டு வந்தாள்.