ஏழாம் நம்பர் மலையில் காவல்

மஸ்கெலியாவுக்கு மேலே, எங்கள் தோட்டத்து ஏழாம் நம்பர் மலையில் உட்கார்ந்திருந்த யேசுரட்ணத்தின் தோளில் இரண்டாவது மழைக்காலத்தில் தேயிலை துளிர்த்தது. கணக்கப்பிள்ளை கணேசமூர்த்தி ஒரு கொழுந்தைக் கிள்ளிப் பார்த்து, நல்ல தரம் என்றார்.

யேசுரட்ணம் அங்கே உட்கார்ந்தது சினிமாவுக்காக. கொழும்பிலிருந்து வந்து யுத்தப் படம் எடுத்தார்கள். சண்டை பார்க்கலாமென்று லயத்து வரிசை வீடுகளெல்லாம் திரண்டு போயின. ஒரு வெடிகூட வெடிக்கவில்லை. எதிரியே வராத மலையில் சிப்பாய்கள் காத்திருக்கிறார்கள், துவக்கைத் துடைக்கிறார்கள், சீட்டு விளையாடுகிறார்கள், சும்மா இருந்தே ஒருவனுக்குப் பைத்தியம் பிடிக்கிறது, இவ்வளவுதான் கதை. சும்மா உட்காரத் தெரிந்த ஆட்களை நாடெல்லாம் தேடினார்களாம். காணிக்கும் வீட்டுக்கும் தலைமுறை தலைமுறையாகக் காத்திருக்கிற எங்களைக் கண்டதும் தேடுவதை நிறுத்திவிட்டார்கள். யேசுரட்ணத்துக்குச் சிப்பாய் உடுப்புக் கொடுத்தார்கள். யுத்த காலத்தில் ஹட்டன் பஸ் நிலையத்தில் அவரைப் பிடித்துப் போனவர்கள் போட்டிருந்த அதே மாதிரி உடுப்பு. அளவு கச்சிதமாக இருந்தது.

உதவி இயக்குநர் ஜூலியன் அவரைப் பனிக்குள் உட்கார வைத்து, "நான் வந்து சொல்ற வரைக்கும் எந்திரிக்கக் கூடாதுங்கண்ணே" என்றான். மழை பிடித்தது. படக்காரர்கள் அவரை மறந்து வேனில் ஏறிப் போய்விட்டார்கள். வேறு ஊர்க்காரன் என்றால் எழுந்து வந்திருப்பான். எங்களிடத்தில், காலைப் பெரட்டில் ஆள் எண்ணி வேலைக்கு அனுப்பியவர் வாயால் போகச் சொல்லாமல் மலையைவிட்டு இறங்கினால் அரைப்பேர்தான், பாதிச் சம்பளம். பாட்டன் காலத்துப் பயம் எலும்பில் ஊறிக் கிடக்கிறது. கணக்கப்பிள்ளை போய்க் கூப்பிட்டதற்கு, "வெச்சவரு வந்து சொல்லட்டுங்கய்யா" என்றார் யேசுரட்ணம். மனைவி மரியநாயகி அழுதாள், ஏசினாள், சோற்றைப் பிசைந்து ஊட்டினாள். பாதர் வந்து தீர்த்தம் தெளித்தார். துளிர் இன்னும் செழித்தது.

படம் வெளிநாட்டில் பரிசு வாங்கியது. காத்திருப்பின் வேதனையை இப்படி யாரும் காட்டியதில்லையென்று எழுதினார்களாம். லயத்தில் போனில் போட்டுப் பார்த்தோம். ஓர் ஓரத்தில், பனிக்குள், யேசுரட்ணம். நடிப்பென்று நினைத்திருப்பார்கள், பாவிகள். மரியநாயகி ஜூலியனுக்குப் போன் அடித்துக்கொண்டே இருந்தாள். அவனும் "வாரேங்கக்கா" என்று சொல்லிக்கொண்டே இருந்தான். கடைசியில் ஏதோ விளம்பரம் எடுக்க வந்தவன் மலையேறி, "எந்திரிங்கண்ணே, படம் முடிஞ்சு எவ்வளவோ காலமாச்சு" என்றான். யேசுரட்ணம் உடனே எழப் பார்த்தார். மண்ணுக்குள் போயிருந்த வேர் அவரை விடவில்லை. ஜூலியன் அதையும் போனில் பிடித்துக்கொண்டு இறங்கிப் போனான்.

அந்த வருஷம் ஏழாம் நம்பருக்குக் கவ்வாத்து. செடிகளை இடுப்புக்குக் கீழே கத்தியால் வெட்டிவிடுவார்கள். அப்போதுதான் புதிதாகக் கிளை வெடிக்கும். அவரை மட்டும் விட்டுவிடும்படி மரியநாயகி கெஞ்சினாள். "விட்டா மரமா ஓடிருமே புள்ள" என்றார் கணக்கப்பிள்ளை. அதிலும் பொய்யில்லை. கீழ் நிரையில் ஆண்கள் வெட்டிக்கொண்டே மேலே வந்தார்கள். அவள் புருஷன் முன்னால் உட்கார்ந்து, "என்னாங்க, நான் என்னா செய்யட்டும்?" என்றாள். அவர் கீழே ஏறி வருகிற கத்திகளைப் பார்த்தார். பிறகு சொன்னார்: "மரமாயிட்டா ஒன் கைக்கு எட்டமாட்டேன். நீயே வெட்டு."

கவ்வாத்து ஆண்கள் வேலை. இருந்தும் அவளிடம் கத்தியைக் கொடுக்க ஒருவரும் தயங்கவில்லை. அவள் வெட்டி முடிக்கும்வரை நாங்கள் மறுபக்கம் திரும்பி நின்றோம். அதற்குப் பிறகு யேசுரட்ணம் பேசவில்லை.

பனிக்காலம் கழிந்ததும் துளிர் வந்தது. அவர் இருக்கிற நிரை மரியநாயகிக்குத்தான். வேறு யாரும் கேட்பதில்லை. அவர்மேல் எடுக்கிற கொழுந்தை அவள் தனியாக வைத்துக்கொள்வதில்லை. வைத்தால் நிறுக்கும்போது கிலோ குறையும். மற்றதோடு சேர்த்துக் கொட்டி, தூளாக அரைக்கிற ஸ்டோருக்கு அனுப்பிவிடுகிறாள்.