1971இல் வெள்ளிக் கெண்டியை வென்றவர்

1

முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுகிறேன். என்னிடம் யாரும் கதை கேட்கவில்லை, அறுபது பக்கத்தில் ஒரு வரலாறுதான் கேட்டார்கள். பிட்கெல்லியில் நடக்கும் ஸ்காட்லாந்து மகளிர் தேசிய கோல்ஃப் போட்டி இந்த வருடம் நூறாவது முறையாக நடக்கிறது. இதுவரை வென்றவர்களைப் பற்றி ஒரு மலர் போடுவது என்று சங்கத்தில் முடிவாயிற்று. "நீதான் கதையெல்லாம் எழுதுறியே, இதையும் எழுதிடேன்" என்றார் செயலாளர். இருபத்தாறு வருடமாக இந்த ஊரில் மருந்துக் கடை நடத்துகிறேன். எல்லோருடைய ரத்த அழுத்தமும் தெரிந்தவளுக்கு வரலாறு மட்டும் தெரியாமல் போகுமா என்று நினைத்திருப்பார்.

தொண்ணூற்றொன்பது போட்டிகளில் தொண்ணூற்றெட்டை எழுதி முடித்துவிட்டேன். 1971 மட்டும் மலருக்குள் அடங்க மாட்டேன் என்று அடம்பிடித்தது. அதனால் அதை இங்கே கூட்டி வந்திருக்கிறேன்.

2

தொடக்கம், முதல் முயற்சி: "அன்று கடற்காற்று பலமாக வீசிக்கொண்டிருந்தது." (அடித்துவிட்டேன். எங்கள் ஊரில் காற்று வீசாத நாளைத்தான் எழுதிவைக்க வேண்டும்.)

இரண்டாம் முயற்சி: "வில்மா டாட்ஸ் ஒரு திருடி என்று—" (இதையும் அடித்துவிட்டேன். அப்படிச் சொல்கிற ஒரே ஆள் வில்மாதான்.)

மூன்றாம் முயற்சி: 1912இல் ஆண்கள் சங்கம் பெண்களுக்குக் கோப்பை தர மறுத்தது. யூஃபீமியா ராங்கின் என்ற பாதிரியார் மனைவி தன் வீட்டு வெள்ளித் தேநீர்க் கெண்டியைத் தூக்கிக்கொண்டு வந்து, இதுதான் பரிசு என்று மேசையில் வைத்தார். பிறகு அவரே ஜெயித்து, அவரே அதை வீட்டுக்கு எடுத்துக்கொண்டு போனார்.

இது இருக்கட்டும். இதிலிருந்து வந்த வழக்கம் நமக்கு வேண்டும். ஜெயித்தவர் அந்தக் கெண்டியிலிருந்து தோற்றவர்கள் எல்லோருக்கும் தன் கையால் தேநீர் ஊற்ற வேண்டும். கடைசி இடத்தில் வந்தவருக்கு முதல் கோப்பை. சர்க்கரை எத்தனை என்றும் ஜெயித்தவர்தான் கேட்க வேண்டும்.

3

மற்ற வருடங்களில் ஜெயித்த ராணிகளையும் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் கோபித்துக்கொள்வார்கள். 1927இல் ஜெயித்தவர் காற்றில் பாவாடை பறக்காமலிருக்க முழங்காலைச் சுற்றி எலாஸ்டிக் பட்டை மாட்டிக்கொண்டு, தத்தித் தத்தி நடந்தே பதினெட்டுக் குழியையும் முடித்தார். 1934இல் ஜெயித்த ஜெஸ்ஸி கவ் மீன் சுத்தம் செய்கிற பெண். கத்தி கிழிக்காமலிருக்க விரல்களில் சுற்றிய துணியைக்கூட அவிழ்க்காமல் வந்து ஆடினார். அவர் ஊற்றிய தேநீரில் மீன் வாடை அடித்தது என்று எழுதிவைத்த சீமாட்டி பதினோராவது இடம். 1946இல், போருக்குப் பிறகு நடந்த முதல் போட்டியில், ஆறாவது குழியருகே ஆட்டுக் குட்டி பிறந்து ஆட்டம் அரை மணி நேரம் நின்றது.

1950களில் ஒருவர் ஆறு முறை ஜெயித்தார். அவரைப் பற்றி எழுத ஒன்றுமே இல்லை. அப்படி ஒரு ஒழுங்கு.

4

இப்போது 1971. (சின்னக் குறிப்பு: இந்தக் கதையின் இரண்டு பெண்களுக்கும் இன்று எழுபத்தைந்து தாண்டிவிட்டது. அன்று இருபத்து மூன்று. அதனால் அன்றைக்கு "வந்தாள்", இன்றைக்கு "வந்தார்" என்று எழுதுகிறேன்.)

கோல்ஃபில் நம் கணக்குக் கார்டில் நாமே எழுதக்கூடாது. எத்தனை அடி அடித்துப் பந்தைக் குழிக்குள் போட்டோம் என்று நம்மோடு ஆடுகிறவர் எழுதுவார். மொத்தத்தில் குறைந்த அடி அடித்தவர்தான் ஜெயித்தவர். கடைசியில் நாம் அதைச் சரிபார்த்துக் கையெழுத்துப் போட வேண்டும். போட்ட பிறகு மாற்ற முடியாது. ஒரு குழியில் கூடுதலாக எழுதியிருந்தால் அதுவே நிலைக்கும். குறைவாக எழுதியிருந்தால் போட்டியிலிருந்தே நீக்கிவிடுவார்கள்.

கடைசி நாள் வில்மா டாட்ஸும் கிர்ஸ்டி லம்ஸ்டனும் ஜோடியாக ஆடினார்கள். ஒரே தெரு, ஒரே பள்ளிக்கூடம். வில்மா கிர்ஸ்டியின் கார்டை எழுதினாள். பதினேழாவது குழியில் கிர்ஸ்டிக்கு நான்கு அடி, வில்மாவுக்கு ஆறு. வில்மா பதற்றத்தில் தன் ஆறைக் கிர்ஸ்டியின் கார்டில் எழுதிவிட்டாள். கிர்ஸ்டி கையெழுத்துப் போட்டாள். ஒரே ஓர் அடி வித்தியாசத்தில் வில்மா ஜெயித்தாள்.

தப்பு தெரிந்ததும் வில்மா அழுத அழுகையைப் பற்றி ஊரில் இன்றும் பேசுகிறார்கள். நடுவர்கள் கையை விரித்துவிட்டார்கள். கெண்டியை எடுத்தபோது வில்மாவின் கை நடுங்கியதில் மேசை விரிப்பெல்லாம் தேநீர். கிர்ஸ்டிதான் அதை வாங்கி எல்லோருக்கும் ஊற்றினாள். "தோத்தாலும் ஒரு வார்த்தை சொல்லலையே, புண்ணியவதி!" என்று ஊர் உருகியது. அன்றிலிருந்து வில்மா யாருக்கும் தேநீர் ஊற்றுவதில்லை. அவர் வீட்டுக்குப் போனால் நாமேதான் ஊற்றிக்கொள்ள வேண்டும்.

5

இத்தோடு முடிந்திருந்தால் அழகாக ஒரு பக்கம் எழுதியிருப்பேன். ஆனால் போன திங்கட்கிழமை கிர்ஸ்டி மூட்டு வலித் தைலம் வாங்க வந்தார்.

"வில்மா பண்ணின வேலையைப் பாத்தியா? நூறாவது போட்டிக்கு முன்னாடி, ஜெயிச்சவங்க பலகையில இருக்கற அவ பேரைச் சுரண்டிட்டு என் பேரை எழுதணும்னு சங்கத்துக்கு லெட்டர் குடுத்துட்டா. அவங்களும் சரின்னுட்டாங்க. வியாழக்கிழமை ஆள் வர்றான்."

"நல்லதுதானே கிர்ஸ்டி?"

"என்ன நல்லது? இங்க சொன்னா வெளிய போகாதில்ல?"

"மருந்து விஷயம் போகாது."

"இதையும் மருந்துன்னே வச்சுக்கோ." தைலத்தைத் திறந்து கவுண்டரிலேயே முழங்கையில் தேய்த்துக்கொண்டார். "பன்னிரண்டாவது குழி. மணல் பள்ளத்துல நின்னேன். மட்டையைப் பின்னாடி எடுக்கறப்ப மணலைத் தொட்டுடுச்சு. லேசா ஒரு கீறல். யாரும் பாக்கல."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அடிக்கும் முன் மட்டை மணலைத் தொட்டால் தண்டனையாக இரண்டு அடி கூட்ட வேண்டும். யாரும் பார்க்காவிட்டாலும் தானே வாய்விட்டுச் சொல்வதுதான் இந்த ஆட்டத்தின் மானம்.

"ஏன் சொல்லல?"

"சொல்லத்தான் வாயைத் திறந்தேன். பந்து போய்க் குழிக்குப் பக்கத்துல நின்னுது. 'எப்பேர்ப்பட்ட அடிடி!'ன்னு வில்மா ஓடி வந்து கட்டிப்பிடிச்சுட்டா. சரி, அடுத்த குழியில சொல்லிக்கலாம்னு விட்டேன். அப்புறம் அதுக்கடுத்த குழி. கடைசியில கார்டு குடுக்கற கூடாரத்துல பாத்தா பதினேழுல ரெண்டு கூடுதலா இருக்கு! கடவுளே சரிபண்ணிட்டார்னு நெனச்சுக் கையெழுத்துப் போட்டேன்."

"அப்ப வில்மாதான் நியாயமா ஜெயிச்சிருக்காங்க!"

"அதைத்தான் அம்பத்திரண்டு வருஷமா சொல்ல முடியல. சொன்னா பன்னிரண்டுல ரெண்டைக் குறைச்சுக் கையெழுத்துப் போட்டவ நான். ரெண்டாவது இடமும் போச்சு. அது போகட்டும். செவ்வாய்க்கிழமைதோறும் வில்மா என்னைக் கார்ல கடைக்குக் கூட்டிட்டுப் போறா. வெண்ணெய் பிஸ்கட் செஞ்சு தர்றா. ஜன்னலோர நாற்காலியை எனக்கே விடறா. எல்லாம் பழகிடுச்சும்மா."

எனக்குக் கோபமும் சிரிப்பும் சேர்ந்து வந்தன. அன்றிரவு கிர்ஸ்டியை வில்லியாக்கி ஒரு பக்கம் எழுதிப் பார்த்தேன். தைல வாசனையோடு ஒரு வில்லியா? நிற்கவில்லை. புண்ணியவதியாக்கிப் பார்த்தேன். அது அதைவிட மோசம். பாவம் வில்மா. செய்யாத குற்றத்துக்கு ஐம்பத்திரண்டு வருடம் பிஸ்கட் சுட்டிருக்கிறார். நான் சொல்லவும் முடியாது, சொல்லாமல் இருக்கவும்—

(இந்த வாக்கியம் இப்படியே இருக்கட்டும். வியாழக்கிழமைவரை நானும் இப்படித்தான் இருந்தேன்.)

6

வியாழன் காலை பத்து மணி, சங்கக் கூடம். பெயர் எழுதுகிற ஃபெர்கஸ் சுரண்டியோடு ஏணியில் நின்றார். மலருக்குப் படம் எடுக்க வெள்ளிக் கெண்டி மேசையில் இருந்தது, உள்ளே சூடான தேநீரோடு. வெறும் கெண்டி படத்தில் நன்றாக இருக்காதாம். வில்மா விசேஷங்களுக்குப் போடும் நீலக் கோட்டில் வந்திருந்தார்.

"என்னப்பா பாக்கற? சுரண்டு."

"தங்க எழுத்தும்மா. எடுத்தா திரும்ப ஒட்டாது."

"ஒட்ட வேண்டாம்."

நான் கிர்ஸ்டியைப் பார்த்தேன். கிர்ஸ்டி, வில்மா கொண்டு வந்திருந்த பிஸ்கட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார். சுரண்டி பலகையில் பட்டு, முதல் எழுத்தின் ஓரத்தில் பொடி உதிர்ந்தது.

"இறங்குப்பா" என்றார் கிர்ஸ்டி.

"நீ சும்மா இருடி. உனக்கு வர வேண்டியது" என்றார் வில்மா.

"எனக்கு ஒண்ணும் வர வேண்டாம். பன்னிரண்டாவது குழி ஞாபகம் இருக்கா?"

"மறக்குமா? எப்பேர்ப்பட்ட அடி!"

"அதுக்கு முன்னாடி என் மட்டை மணலைத் தொட்டுச்சு, வில்மா."

எல்லாவற்றையும் சொன்னார். காரையும் நாற்காலியையும் பிஸ்கட்டையும்கூட விடவில்லை. வில்மா பலகையைப் பார்த்தார், கிர்ஸ்டியைப் பார்த்தார், கெண்டியைப் பார்த்தார்.

7

முடிவு அ: "அம்பத்திரண்டு வருஷம்! எத்தனை கிலோ வெண்ணெய்டி!" என்று வில்மா கத்துகிறார். அடுத்த செவ்வாய்க்கிழமை கிர்ஸ்டி பஸ்ஸில் போகிறார்.

முடிவு ஆ: வில்மா கெண்டியை எடுக்கிறார். கை நடுங்கவில்லை. கடைசி இடத்துக்கும் கீழே போய்விட்ட கிர்ஸ்டியிடம் முதலில் வந்து, "சர்க்கரை எத்தனை?" என்று கேட்கிறார்.

முடிவு இ: "தெரியும்டி. நானும் பாத்தேன். நீ சொல்லுவேன்னுதான் அஞ்சு குழி காத்திருந்தேன்." அப்படியானால் பதினேழில் அந்த ஆறு பதற்றத்தில்— (இதை மூன்று முறை அடித்தேன், மூன்று முறையும் திரும்ப எழுதினேன்.)

நான் அங்கேதான் இருந்தேன். நடந்தது எது என்று எனக்குத் தெரியும். ஆனால் தன் கார்டில் தானே எழுதக்கூடாது என்பது எங்கள் ஊர்ச் சட்டம். முதல் குழியிலிருந்து என்னோடு நடந்து வந்தவர் நீங்கள், பென்சிலும் உங்கள் கையில்தான் இருக்கிறது. எந்த முடிவு என்று எழுதிக் கொடுங்கள். ஒன்றிரண்டு கூடுதலாக எழுதியிருந்தாலும் பேசாமல் கையெழுத்துப் போட்டுவிடுகிறேன்.