நேரத்துக்கு வந்த சாஸ்

டெல்மர் டாக்கெட்டின் சாஸைக் காய்ச்சியது டெல்மர் டாக்கெட் இல்லை. இது எங்கள் ஊரில் மூன்று பேருக்குத்தான் தெரியும். டெல்மருக்கு, அவர் மனைவி வெர்லீனுக்கு, அப்புறம் எனக்கு. எனக்கு யாரும் வந்து சொல்லவில்லை. வினிகர் விற்பவனுக்கு வினிகர் யார் கைக்குப் போகிறது என்று தெரியாதா?

என் தாத்தா லெபனானிலிருந்து வந்து, துணி மூட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு மிசிசிப்பி டெல்டாவின் பருத்தி வயல்களுக்குள் வீடு வீடாக விற்றவர். அப்பா மூட்டையை இறக்கிவைத்து அதன்மேல் ஒரு கூரை போட்டார். அந்தக் கடையில் நான் தோட்டாவிலிருந்து தக்காளி கெட்சப் வரை எல்லாம் வைத்திருக்கிறேன். ஒவ்வொரு ஜனவரியிலும் வெர்லீன் வருவார். ஆப்பிள் வினிகர் நான்கு கேலன், பழுப்புச் சர்க்கரை, கரும்புப் பாகு, கடுகுத்தூள், சிவப்பு மிளகாய்த்தூள். இருபத்திரண்டு வருடங்களில் டெல்மர் என்னிடம் வாங்கியது தோட்டாவும் மெல்லுகிற புகையிலையும் மட்டும்தான்.

வேட்டைப் பருவம் முடிகிற சனிக்கிழமை தீயணைப்பு நிலையத்தில் காட்டு இறைச்சி விருந்து நடக்கும். வருடமெல்லாம் சுட்டதில் நல்லதை ஒதுக்கி ஃப்ரீசரில் போட்டு வைத்திருப்பார்கள். மான் தொடை, காட்டுப்பன்றித் தோள், வாத்து. காட்டு இறைச்சியை விற்கக் கூடாது என்பது சட்டம். அதனால் தட்டுக்கு விலை கிடையாது. மேஜை ஓரத்தில் தீயணைப்புக்காரரின் ரப்பர் பூட்ஸ் ஒன்று நிற்கும், மனசுக்குத் தோன்றியதை அதற்குள் போடலாம். விலையே சொல்லாமல் ஒரு வியாபாரம். என் தாத்தா பார்த்திருந்தால் அழுதிருப்பார்.

சாப்பிடுவதற்கு முன் நிலையத் தலைவர் தீயணைப்பு வண்டியின் படியில் ஏறி நின்று ஒரு தாளைப் பார்த்து வாசிப்பார். இந்தத் தொடை இன்னார் சுட்டது, ஆற்று வளைவில். இந்தப் பன்றி இன்னார் சுட்டது, சோளக்காட்டில். ஒவ்வொரு பேருக்கும் கைதட்டல். கடைசியில், "சாஸ், டெல்மர் டாக்கெட்." இதற்குத்தான் பெரிய கைதட்டல். டெல்மர் தொப்பியைத் தூக்கிக் காட்டுவார். வெர்லீன் மேஜைக்குப் பின்னால் தட்டுக்கு இரண்டு துண்டு வெள்ளை ரொட்டி வைத்துக்கொண்டிருப்பார்.

கைதட்டலைப் போலவே இன்னொரு சடங்கும் உண்டு. வெர்லீன் தாமதமாக வருவது. அதிகாலையிலேயே அடுப்பில் இறைச்சி ஏறிவிடும், மூன்று மணிக்கு இறக்க வேண்டும். வேகிற கறிமேல் பிரஷ்ஷால் தடவ வேண்டிய சாஸ் ஜாடிகள் இரண்டரைக்குத்தான் வந்து சேரும். ஒரு வருடம் டயர் பஞ்சர், ஒரு வருடம் நாய் ஓடிப்போய்விட்டது, ஒரு வருடம் சாவியைக் காணோம்.

"மிஸ் வெர்லீன், உங்க சவ அடக்கத்துக்காவது நேரத்தோட வருவீங்களா?" என்பான் அடுப்படியில் நிற்கும் டூப்ரீ. பன்றி சுடுவதைவிட வாயால் சுடுவதில் கெட்டிக்காரன். (எங்கள் பக்கம் கல்யாணமான பெண்களையும் மரியாதைக்கு 'மிஸ்' என்றுதான் கூப்பிடுவோம்.)

எல்லோரும் சிரிப்பார்கள். முதலில் சிரிப்பது டெல்மர்.

இரண்டு வருடத்துக்கு முந்தைய வசந்தத்தில் டெல்மர் இறந்தார். அடக்கத்துக்கு வெர்லீன் எல்லோருக்கும் முன்னால் வந்து உட்கார்ந்திருந்தார். அதை நான் கவனித்தேன். கவனித்ததோடு சரி.

அந்த டிசம்பரில் டெல்மரின் தம்பி ராய்ஸ் கடைக்கு வந்தான். இப்போது தீயணைப்பு நிலையத் தலைவனும் அவன்தான், அடுப்பும் அவன் பொறுப்புதான்.

"ஃபாரிஸ், நீ சொன்னா மிஸ் வெர்லீன் கேப்பாங்க. எங்க அண்ணனோட சாஸ் செய்யற முறை எழுதின பேப்பர் வேணும். அது எங்க குடும்பச் சொத்து."

எனக்கு உள்ளுக்குள் குதூகலம். முந்தைய வாரம்தான் வெர்லீன் இதே இடத்தில் நின்று, "பேப்பர்னு ஒண்ணும் கிடையாது, ராய்ஸ் வந்து கேப்பான். சாஸ் தரேன். ஆனா என் பேரை வாசிக்கணும்" என்று சொல்லிவிட்டுப் போயிருந்தார்.

"இத்தனை வருஷம் ஏன் கேக்கல?" என்று அன்றைக்கு வெர்லீனிடம் கேட்டிருந்தேன்.

"அந்த மனுஷனுக்கு வருஷத்துக்கு ஒரு கைதட்டல்தான் இருந்துச்சு. அதைப் பிடுங்க மனசு வரல. இப்ப அவருக்குக் கேக்காது. எனக்குக் கேக்கும். ஒரே ஒரு தடவை கேட்டா போதும்."

ஆக, பேரம் என் கைக்கு வந்தது. ராய்ஸிடம் சொன்னேன்.

"அது எங்க அண்ணன் சாஸ்யா," என்றான். "செத்தவன் பேரை எடுத்துட்டு அவன் பொண்டாட்டி பேரைப் போடுறதா? கேக்குறவன் என்ன நினைப்பான்?"

"அப்ப விடு. மூணாவது அலமாரில பாட்டில் சாஸ் இருக்கு. நாலு டாலர். காட்டு மான் தொடைல கடைச் சாஸை ஊத்தினான் ராய்ஸ்னு ஊரு என்ன பேசும்னு மட்டும் யோசிச்சுக்கோ. எனக்கென்ன, எனக்கு விற்பனை."

அவன் மூன்றாவது அலமாரியை வெறித்துப் பார்த்தான். அந்தப் பார்வையை எனக்குத் தெரியும். வாங்கப்போகிறவனின் பார்வை.

"சரி, வாசிக்கிறேன். ஆனா ஒரு கண்டிஷன். காலைல ஆறு மணிக்கு ஜாடி அடுப்புப் பக்கத்துல இருக்கணும். அண்ணன் இருந்தான், பொறுத்தோம். இனிமே கைல பிரஷ்ஷை வச்சுக்கிட்டு ரோட்டைப் பாத்துட்டு நிக்க முடியாது."

எதிராளி கேட்பது நமக்குக் காசு செலவில்லாத சமாச்சாரமாக இருந்தால், கொஞ்சம் முகத்தைச் சுளித்து, பெருமூச்சு விட்டு, அப்புறம் ஒப்புக்கொள்ள வேண்டும். அப்படியே செய்தேன். இவ்வளவு மலிவாக ஒரு பேரத்தை நான் முடித்ததே இல்லை என்று நினைத்துக்கொண்டேன்.

வெர்லீனிடம் பெருமையாகச் சொன்னேன். பேரை வாசிப்பார்கள் என்றதும் முகம் மலர்ந்தது. ஆறு மணி என்றதும் கையிலிருந்த சர்க்கரைப் பையைக் கல்லாமேல் வைத்துவிட்டார்.

"என்னாச்சு? ஒரு நாள் சீக்கிரம் எந்திரிக்க முடியாதா?"

"ஃபாரிஸ், என் கார்ல ஒரு தடவைகூட டயர் பஞ்சர் ஆனதில்லை."

எனக்குப் புரியவில்லை. அவர் நிதானமாகச் சொன்னார்.

"சாஸ்ல பாதி சர்க்கரையும் பாகும்தான். நெருப்புல அரை மணி நேரம் தாங்கும். அதுக்கு மேல போனா கரிஞ்சு கசந்துடும். பன்றியாவது கொழுப்பை விட்டுக் கொஞ்சம் காப்பாத்தும். மான்ல கொழுப்பே கிடையாது, கசப்பு நேரா கறிக்குள்ள இறங்கிடும். முதல் வருஷம் டெல்மரும் ராய்ஸும் காலைலேர்ந்து தடவிட்டே இருந்தாங்க. ஒரு முழுத் தொடை கரியாயிடுச்சு. ராய்ஸ் வீட்டுக்குப் போயிருந்த நேரத்துல டெல்மர் அதைப் புதைச்சுட்டு, நாய் தூக்கிட்டுப் போயிடுச்சுன்னு ஊருக்குச் சொன்னார். ராய்ஸும் அதைத்தான் இன்னிக்கி வரைக்கும் நம்புறான்."

"சரி, தடவாதீங்கன்னு சொல்ல வேண்டியதுதானே?"

"கைல பிரஷ் இருக்கிற ஆம்பளை சும்மா நிப்பானா? சொல்லிப் பாத்தேன், கேக்கல. ஆனா இல்லாத சாஸைத் தடவ முடியாதில்ல? அதுக்கப்புறம் ஜாடிகளைக் கார்லயே வெச்சுட்டு சர்ச் வாசல்ல போய் உக்காந்துக்குவேன். ரெண்டு இருபதாகும்போது கிளம்புவேன்."

இருபத்தோரு வருடம். ஜனவரிக் குளிரில், சர்ச் வாசலில், காருக்குள்.

"டெல்மருக்கு இது தெரியுமா?"

"தெரியாம என்ன? அவருக்கும் சேத்துத்தானே உக்காந்திருந்தேன்."

டூப்ரீயின் கேலிக்கு முதலில் சிரித்தது டெல்மர்தான் என்பது எங்கள் இருவருக்கும் ஞாபகம் வந்தது. அவர் சர்க்கரைப் பையைத் திரும்பக் கையில் எடுத்துக்கொண்டார்.

"அப்ப எப்பவும் போல லேட்டா வந்துடுங்க," என்றேன். "வாக்குக் குடுத்தது நான். ராய்ஸ் கத்துவான், கத்தட்டும். சாஸ் நல்லா இருந்தா பேரை வாசிக்காம எங்க போவான்?"

"வேண்டாம். என் பேரை வாசிக்கிற அன்னிக்கும் நான் நாய் ஓடிப்போச்சுன்னு பொய் சொல்லிட்டு வந்து நிக்கணுமா? ஆறு மணிக்கே வரேன். எப்ப தடவணும்னு வாயால சொல்றேன். என் சாஸ்தானே, கேக்கட்டும்."

சனிக்கிழமை ஆறு அடிக்க ஐந்து நிமிடம் இருக்கும்போது வெர்லீனின் கார் வந்தது. அடுப்படியில் நின்ற எட்டுப் பேரும் திரும்பிப் பார்த்தார்கள். டூப்ரீ கைக்கடிகாரத்தைத் தட்டிக் காதில் வைத்துக்கொண்டான்.

வெர்லீன் பன்னிரண்டு ஜாடிகளையும் பலகையில் அடுக்கினார். ராய்ஸிடம் தெளிவாகச் சொன்னார். "இறக்குறதுக்கு அரை மணி முன்னாடி தடவுங்க. அதுவரைக்கும் வினிகர்ல உப்பு கலந்து தெளிச்சா போதும்."

ராய்ஸ் புன்னகைத்தான். நல்ல புன்னகைதான், வீட்டுப் பெண்களுக்குக் கொடுக்கிற புன்னகை. "மிஸ் வெர்லீன், இருபத்திரண்டு வருஷமா நான் இந்த அடுப்புப் பக்கத்துல நிக்கிறேன். சாஸ் வந்த நிமிஷமே தடவித்தான் எங்களுக்குப் பழக்கம். இங்க யாரை வேணா கேளுங்க."

எல்லோரும் தலையாட்டினார்கள். அவன் சொன்னதில் பொய் ஒன்றும் இல்லை.

"அது வந்ததே ரெண்டரைக்கு, ராய்ஸ்."

"அதைத்தான் நாங்களும் சொல்றோம்," என்றான் டூப்ரீ. சிரிப்பு கூரையைத் தொட்டது.

வெர்லீன் என்னைப் பார்த்தார். நான் வாயைத் திறந்திருக்கலாம். அங்கே நின்ற எட்டுப் பேரும் என் கடையில்தான் தோட்டா வாங்குகிறவர்கள். கறி எப்படிச் சுட வேண்டும் என்று லெபனான்காரன் பேரன் பாடம் நடத்தினான் என்ற பேச்சு எனக்கு எதற்கு என்று நான் விறகை எண்ணுவதுபோலக் குனிந்துகொண்டேன். வெர்லீன் இன்னொரு முறை சொன்னார். அப்புறம் ரொட்டி மேஜைக்குப் போய்விட்டார்.

ஆறேகாலுக்கு முதல் பூச்சு. அரை மணிக்கு ஒருமுறை ராய்ஸ் தடவினான். எட்டு மணிக்குத் தொடைகள் செம்மரம் மாதிரி மின்னின, எல்லோரும் செல்ஃபோனில் படம் எடுத்தார்கள். பத்து மணிக்குப் புகையின் வாசனை மாறியது. பதினொன்றரைக்கு மேல்பட்டை கறுத்தது. அது தெரியாமல் இருக்க அதன்மேல் இன்னும் சாஸ் தடவினார்கள். அதுவும் கரிந்தது. ஒரு மணிக்கு டூப்ரீ கத்தியை எடுத்துச் சுரண்ட ஆரம்பித்தான். சுரண்டச் சுரண்டக் கசப்பு உள்ளேயும் இருந்தது. ராய்ஸ் ஒரு துண்டு வாயில் போட்டுவிட்டு வெகுநேரம் வயலைப் பார்த்துக்கொண்டே மென்றான்.

வெர்லீனிடம் யாரும் போய் எதுவும் கேட்கவில்லை. மேஜைக்கும் அடுப்புக்கும் நடுவில் முப்பது அடிதான். அவர் ரொட்டிப் பொட்டலங்களைப் பிரித்துக்கொண்டே இருந்தார்.

மூன்று மணிக்கு இருநூறு பேர் கூடியிருந்தார்கள். ராய்ஸ் படியில் ஏறினான். தொடை, பன்றி, வாத்து, ஒவ்வொன்றுக்கும் கைதட்டல். கடைசி வரிக்கு வந்ததும் தாளை ஒருமுறை மடித்து, திரும்ப விரித்தான். வாசிக்க மாட்டான் என்று நினைத்தேன். வாசித்தான். ஒவ்வொரு எழுத்தும் கடைசி வரிசை வரைக்கும் கேட்கும்படி வாசித்தான்.

"இந்த வருஷம் சாஸ் எங்க அண்ணனோடது இல்ல. சாஸ், மிஸ் வெர்லீன் டாக்கெட்."

தட்டுகளுக்கு முன்பே வாசனை கூட்டத்துக்குப் போய்ச் சேர்ந்திருந்தது. அங்கங்கே நாலு பேர் மரியாதைக்குத் தட்டினார்கள். யாரோ ஒரு பெண்மணி, "பாவம், டெல்மர் இருந்தவரைக்கும் சாஸ் எப்படி இருக்கும்," என்று பக்கத்தில் சொன்னார்.

"ஆனா நேரத்துக்கு வந்துட்டாங்க," என்றான் டூப்ரீ.

வெர்லீன் தொப்பி எதுவும் போட்டிருக்கவில்லை, தூக்கிக் காட்டுவதற்கு. கையிலிருந்த ரொட்டியை அடுத்த தட்டில் வைத்தார். எல்லோருக்கும் கொடுத்து முடித்த பிறகு தனக்கு ஒரு தட்டு எடுத்துக்கொண்டார். மற்றவர்கள் தட்டுகள் பாதியோடு குப்பைத் தொட்டிக்குப் போய்க்கொண்டிருந்தன. அவர் கருகினதையும் ஒதுக்காமல் கடைசித் துண்டு வரை மென்று விழுங்கினார். அப்புறம் காலி ஜாடிகளைக் காரில் அடுக்கினார். நான் இரண்டு ஜாடி தூக்கிக்கொண்டு கூடப் போனேன்.

"நான் சொல்லியிருக்கலாம்," என்றேன்.

"சொல்லியிருக்கலாம்," என்றார், ஜாடியை வாங்கிக்கொண்டு.

இந்த வருடம் ஜனவரியில் ராய்ஸ் வந்து மூன்றாவது அலமாரியை முழுசாகக் காலி செய்தான். விருந்தன்று பாட்டில்களை வண்டிக்குள் பூட்டி வைத்து, இரண்டரைக்குத்தான் எடுத்தான். தொடை கரியவில்லை. சுமாராக இருந்தது, எல்லோரும் பிரமாதம் என்றார்கள்.

"எங்க அண்ணன் வழி," என்று படியில் நின்று சொன்னான். "கடைசி அரை மணி நேரத்துலதான் தடவணும்னு டெல்மர் எங்களுக்குச் சொல்லிக்குடுத்தது. சாஸ், டெல்மர் டாக்கெட் நினைவா."

நானும் தட்டினேன். பன்னிரண்டு பாட்டில் விற்றவன் தட்டாமல் நிற்க முடியுமா?

வெர்லீன் விருந்துக்கு வரவில்லை. அடுத்த செவ்வாய் கடைக்கு வந்தார். வெள்ளை வினிகர், அரை கேலன், ஒன்றே ஒன்று.

"சாஸுக்கா?" என்று கேட்டுவிட்டேன், பழக்கத்தில்.

"ஜன்னல் துடைக்க," என்றார்.