பஞ்சலிங்கத்தைப் பிடித்த இரண்டு மணி

பஞ்சலிங்கத்தைப் பிடித்தது பேயுமில்லை, காய்ச்சலுமில்லை. மத்தியானம் இரண்டு மணிதான் பிடித்தது. உலகத்தில் எல்லோரிடமும் வந்து ஒரு மணித்தியாலம் நின்றுவிட்டுப் போகிற அந்த இரண்டு மணி, அவரிடம் வந்தது, போகவில்லை.

நடந்தது சித்திரை வெயிலில். கோப்பாயில் அவர்களுடையது நாலு வீட்டாருக்குப் பொதுவான பங்குக் கிணறு. முறை வைத்துத்தான் இறைப்பார்கள். அன்று இவர்கள் வீட்டு முறை பகல் ஒன்றிலிருந்து மூன்று வரை. மனுசன் கணவாய்க் கறியோடு வயிறு முட்டச் சாப்பிட்டுவிட்டு வந்து, மிசினைப் போட்டு, வெங்காயப் பாத்திக்குத் தண்ணீரைத் திருப்பிவிட்டு, கிணற்றுக்கட்டில் சாய்ந்தார். வாயைப் பிளந்துகொண்டு தூங்கியவரின் பிடரியில் சரியாக இரண்டு மணிக்கு ஏதோ வந்து ஒட்டியது. எழும்பித் தடவிப் பார்த்தார். பலாக்கொட்டை அளவில், இளஞ்சூட்டோடு, மெல்லத் துடித்துக்கொண்டிருந்தது.

அன்று பொழுதுபட எல்லோருடைய நிழலும் நீண்டது. இவருடையது மட்டும் குட்டையாகவே காலடியில் கிடந்தது. இருட்டிலும் கண்ணைச் சுருக்கினார், வேர்த்து ஊற்றினார், தேத்தண்ணி கொடுத்தால் சோறு எங்கே என்று கேட்டார். பக்கத்தில் குந்தியவர்களுக்கும் கண் சொக்கியது. டொக்டர் அவர் முதுகில் குழாயை வைத்தபடியே குறட்டை விட்டார், தாதி வந்துதான் தட்டி எழுப்பினாள். நூல் கட்ட வந்த ஐயர் மந்திரத்தின் நடுவில் ஒரு கொட்டாவி விட்டு, மிச்சத்தை நாளைக்குச் சொல்கிறேன் என்று போனவர்தான், அந்தப் பக்கம் தலை காட்டவில்லை.

சிரிப்பெல்லாம் முதல் வாரத்தோடு சரி. அந்த இரண்டு மணிக்கே பசி எடுத்துவிட்டது. முதலில் மூன்று மணியைத் தின்றது, பிறகு நாலு. பின்னேரம் போயிற்று, இரவு போயிற்று, காலை வெயில் போயிற்று. மூன்றாம் வாரத்தில் அவருக்கென்று மிஞ்சியது விடியற்காலையில் ஓர் அரை மணித்தியாலம். மனைவி சிவகௌரி ஐந்து மணிக்கு அடுப்பு மூட்டும் சத்தத்தில் அவர் கண் விழிப்பார். ஐந்தரைக்கு அந்த வெயில் வந்து திரும்பவும் அவரை மூடிவிடும். இந்த அரை மணியையும் தின்றுவிட்டால் பிறகு அவர் எழும்பப்போவதில்லை. அது இரண்டு பேருக்கும் தெரியும். அவருக்குச் சரியான பயம்.

அந்த அரை மணியில் அவர் செய்ததெல்லாம் அவளைப் பார்த்துக்கொண்டு கிடந்ததுதான். இருபத்தாறு வருசமாகப் பார்த்த முகம், ஆனாலும் பார்க்காத முகம். சமைத்து, மிசினுக்கு எண்ணெய் ஊற்றி, முறை தவறாமல் இறைத்து, புல்லுப் பிடுங்கி, இந்த மூன்று வாரமும் ஒரு பாத்தியைக்கூட அவள் வாடவிடவில்லை. அத்தனை செய்தும் ஒரு சலிப்புச் சொல் வாயில் வரவில்லை. இவள் லேசுப்பட்ட ஆளில்லை என்று நினைத்தபோது அவருக்குப் பெருமையாக இருந்தது. இதை முந்தியே சொல்லித் துலைத்திருக்கலாமே என்று வெட்கமாகவும் இருந்தது.

ஒருநாள் ஐந்து மணிக்கு அவள் கையில் ஈரமண்ணோடு வந்து தலைமாட்டில் நின்றாள்.

"இஞ்சேருங்கோ, உது உங்களைப் பிடிச்ச அண்டைக்கு ஆரின்ரை முறை?"

"என்ரை முறை."

"உங்கடை இல்லை, என்ரை. கிணத்துப் பங்கு என்ரை சீதனம். காணி உறுதி என்ரை பேரிலை கிடக்கு. என்ரை முறைக்கு நீங்கள் காவல் இருந்தனீங்கள், அவ்வளவுதான். உந்தச் சனியன் ஆள் மாறிப் பிடிச்சிட்டுது."

பஞ்சலிங்கம் இருபத்தாறு வருசமாக ஊர் முழுக்க 'என்ரை முறை, என்ரை முறை' என்று நெஞ்சை நிமிர்த்திச் சொல்லிக்கொண்டு திரிந்தவர். உறுதியை ஒருநாளும் விரித்துப் பார்த்ததில்லை.

"அதுக்கு இப்ப என்ன செய்யப்போறாய்?"

"என்ரை சாமானைக் கேட்டு வாங்கப்போறன்."

"உன்னைப் பிடிச்சுதெண்டால்?"

"பிடிக்கட்டும். பங்கிலை பாதியை இப்பவே உங்களுக்குத் தாறன். நாளைக்கு விடிய நீங்கள் முறை கேளுங்கோ, நாளையிண்டைக்கு நான் கேக்கிறன். நாளுக்கு நாள் கை மாறினால் அது எங்கை வேர் விடுறது, எங்கை திண்டு கொழுக்கிறது?"

டொக்டருக்கும் ஐயருக்கும் வராத மூளை. அவருக்குக் கும்பிட வேண்டும்போல இருந்தது.

அந்தக் கிணற்றடியில் ஒரு வழக்கம் உண்டு. அடுத்த முறைக்காரர் வந்து ஒரு பிடி மண்ணால் வாய்க்காலை மறித்து 'மாறு' என்றால், இறைத்துக்கொண்டிருப்பவர் விட்டுவிட வேண்டும். முகம் பார்க்காமல் வழக்காடுகிற அண்ணன் தம்பிகூட அந்தச் சொல்லுக்கு அடங்குவார்கள். கோப்பாய் வெயிலில் விளைந்த இரண்டு மணிக்கு இது தெரியாமலா இருக்கும்?

சிவகௌரி ஈரமண்ணை அவர் பிடரியில் அப்பினாள்.

"முறை முடிஞ்சுது. மாறு."

துடிப்பு நின்றது. அது கொஞ்சம் யோசித்ததுபோல இருந்தது. பிறகு பிடரியை விட்டு அவள் விரல்களில் ஏறி, கைவழியே ஊர்ந்து போனது. விளக்கு வெளிச்சத்தில் நீண்டு கிடந்த அவள் நிழல் சுருங்கிக் காலடிக்கு வந்தது. அவள் ஒரு கொட்டாவி விட்டுப் பாயில் சரிந்தாள்.

ஐந்தரை ஆனது. அவரை எந்த வெயிலும் மூடவில்லை. ஆறு மணியைப் பார்த்தார், ஏழைப் பார்த்தார். தோட்டத்துக்குப் போய் இறைத்தார், பத்து மணிக்கு அவளுக்குத் தண்ணீர் பருக்கினார், மூன்று வாரமாகக் காணாத பின்னேரம் வந்தபோது முற்றத்தில் நின்று அழுதார். என்ரை ராசாத்தி, எனக்காக எல்லாப் பொழுதையும் கொடுத்துவிட்டுக் கிடக்கிறாளே என்று இரவெல்லாம் மணிக்கூட்டையே பார்த்துக்கொண்டிருந்தார்.

விடிய ஐந்து மணிக்கு ஈரமண்ணோடு ஓடிவந்து அவள் பக்கத்தில் குந்தினார்.

"முறை முடிஞ்சுது, கௌரி. மாறு."

கல்யாணம் கட்டி வந்த நாளிலிருந்து ஒரு பகலில்கூடப் பாயில் முதுகு சாய்க்காதவள், கையைக் காலைப் பரப்பிக்கொண்டு கிடந்தாள். கண் திறக்கவில்லை.

"இன்னும் ஒரு பாத்தி கிடக்கப்பா," என்றாள்.

'மாறு' சொன்ன பிறகும், ஒரு பாத்தி மிச்சம் என்று முறை முடிந்தவர் கேட்டால் மட்டும் அந்தக் கிணற்றடியில் ஒருவரும் மறுப்பதில்லை. பஞ்சலிங்கம் மண்ணைக் கையில் பிடித்தபடி, அவள் அந்த ஒரு பாத்தியையும் தூங்கி முடிக்கும்வரை காத்திருந்தார்.