ஹார்லன் எங்கே பார்க்கிறார்

1

இந்தக் கதை ஹாலிவுட்டை ஒட்டிய பர்பாங்கில் ஒரு மளிகைக் கடை வரிசையில் பிறந்தது. எனக்கு முன்னால் ஹார்லன் டட்டில் நின்றிருந்தார். அவருக்கும் முன்னால் நின்ற அம்மாள் திரும்பித் திரும்பிப் பார்த்தார்.

"உங்களை எங்கயோ பார்த்திருக்கேனே. எங்க பல் டாக்டர்தானே நீங்க?"

"இல்லைங்க, சினிமாவுல வந்த ஷெரீஃப். படம் ஆரம்பிச்ச கொஞ்ச நேரத்துலயே சுட்டுட்டாங்க."

அந்த அம்மாள் உண்மையாகவே வருத்தப்பட்டார். நாற்பது வருடமாகத் திரையில் வந்துபோகிற முகம். பெயர்தான் யாருக்கும் தெரியாது. நான் அவருக்கு மேக்கப் போடுகிறவள். அன்றே அவரைப் பற்றி எழுதுவதென்று முடிவுசெய்தேன். (பெயரை மாற்றிவிட்டேன். தேடாதீர்கள்.)

2

முதல் தொடக்கம்: "ஹார்லன் டட்டில் இறந்த செய்தி வந்தபோது நான்—"

அடித்துவிட்டேன். ஹீரோவுக்குக் கோபம் வர வேண்டுமென்றால் ஹார்லனைக் கொல்வது இந்த ஊர் சினிமா வழக்கம். உங்களுக்கு அழுகை வர வேண்டுமென்று நானும் அதையே செய்தால் எப்படி?

இரண்டாம் தொடக்கம்: "கடைசியில் அவருக்கும் கதாநாயகன் வேடம்—"

இதுவும் வேண்டாம். ஒருமுறை கேட்டதற்கு, "ஐயையோ, போஸ்டர்ல என் மூஞ்சியா? படம் ஓடலைன்னா நானில்ல பதில் சொல்லணும்" என்றவர் அவர்.

3

நடந்ததையே சொல்கிறேன். (பாதி நடந்தது. எந்தப் பாதி என்று கேட்காதீர்கள்.)

காலையில் என் நாற்காலியில் உட்கார்ந்தார்.

"நேத்து பூரா படிச்சேன்மா. காலைல குளிச்சேன், எல்லாம் தண்ணியோட போயிடுச்சு."

"டைரக்டர்கிட்ட சொல்லிடலாமே?"

"சொன்னா இன்னைக்குப் பாவம்னு நினைப்பான். நாளைக்குக் கூப்பிட மாட்டான்."

கொஞ்ச காலமாகவே அவருக்கு வசனம் நிற்பதில்லை. எனக்கு மட்டும்தான் தெரியும். வெளியே தெரிந்தால் வேலை போய்விடும். வேலையில்லாத ஹார்லனை அவருக்கே பழக்கமில்லை.

அன்றைய காட்சி ஓர் உணவகத்தில். செத்துப்போன நண்பனின் மகளிடம், அவனைக் காட்டிக்கொடுத்தது நான்தான் என்று அவர் ஒப்புக்கொள்ள வேண்டும். மகளாக டெலியா ஃபோர்னி, படத்தின் நாயகி. ஹார்லன் வசனத்தைத் துண்டுத்தாளில் எழுதி, மேஜைமேல் இருந்த கெச்சப் பாட்டிலில் தன் பக்கமாக ஒட்டிக்கொண்டார். இருவரும் சேர்ந்து தெரியும் ஷாட் தடங்கலில்லாமல் முடிந்தது.

வேர்வை துடைக்கப் போனேன். டெலியா குனிந்து மெதுவாகச் சொன்னாள்:

"கெச்சப் பாட்டில்கிட்ட இவ்வளவு உருக்கமா யாரும் பேசி நான் பார்த்ததில்லை, ஹார்லன்."

"அது குறுக்க பேசாதும்மா" என்றார். ஆனால் முகம் வெளுத்துவிட்டது.

4

அடுத்து அவருடைய குளோசப். காமிரா நெருங்கி வர இடம் வேண்டும். மேஜையையே தூக்கிக்கொண்டு போனார்கள், பாட்டிலும் போனது. குளோசப்புக்கு மேஜை போய்விடும் என்பது நேற்று வேலைக்குச் சேர்ந்தவருக்கும் தெரியும். ஹார்லன் மறந்திருந்தார். வசனம் மறந்ததைவிட இதுதான் எனக்குப் பயமாக இருந்தது.

அவர் என்னைப் பார்த்தார். நான் உடனே—

(இங்கே நான் ஏதோ சாதித்ததாக எழுதப் பார்த்தேன். பவுடர் பஞ்சோடு நின்றதுதான் நிஜம்.)

குளோசப்பில் எதிராளி தெரிவதில்லை. அதனால் பெரிய நடிகர்கள் கேரவனுக்குப் போய்விடுவார்கள். அவர்கள் வசனத்தை யாராவது உதவியாளர் படிப்பார். டெலியாவும் எழுந்து போனாள். ஹார்லன் கண்ணை மூடிக்கொண்டார்.

அவள் போனது மேஜையை வைத்திருந்த மூலைக்கு. பாட்டிலிலிருந்து தாளை உரித்துக்கொண்டு என்னிடம் வந்தாள்.

"ஹேர்பின் ஒண்ணு குடுங்க."

தாளைத் தன் கோட்டில், கழுத்துக்குக் கொஞ்சம் கீழே குத்திக்கொண்டு, காமிராவுக்குப் பக்கத்தில் போய் நின்றாள்.*

* ஏன் செய்தாள்? அவளுடைய முதல் படத்தில் ஹார்லன் அவளுக்காக இப்படி நின்றார் என்று ஒரு பத்தி எழுதினேன். நன்றாகவே வந்திருந்தது. பொய் என்பதால் எடுத்துவிட்டேன்.

ஹார்லன் பேசினார். ஒரு வரியும் தவறவில்லை. கண்கள் மட்டும் அவள் முகத்துக்கு ஏறவேயில்லை.

அடுத்த அறையில் திரையில் பார்த்துக்கொண்டிருந்த இயக்குநர் ஸ்பென்சர் ஓடிவந்தார். டெலியா சட்டென்று தாளை மறைத்துக் கையைக் கட்டிக்கொண்டாள்.

"அவ மூஞ்சியைப் பார்க்கவே கூசுற மாதிரி பண்ணீங்க பாருங்க. எப்படிங்க அது?"

"கழுத்து வலி தம்பி" என்றார் ஹார்லன்.

எனக்கு அப்போதுதான் மூச்சே வந்தது. கூடவே அழுகையும் வந்தது. தும்மல் என்று சொல்லிச் சமாளித்தேன்.

5

எழுதிப் பார்த்த முடிவுகள்: அவருக்கு விருது கிடைக்கிறது. அல்லது மரியாதையாக ஓய்வு பெறுகிறார். அல்லது எடிட்டிங்கில் அந்தக் காட்சியையே வெட்டிவிடுகிறார்கள். எல்லாவற்றையும் அடித்துவிட்டேன். ஏனென்றால் போன வாரம் அவர் மறுபடி என் நாற்காலியில் வந்து உட்கார்ந்தார்.

"இந்தத் தடவை என்ன வேஷம்?"

"ஜட்ஜ்" என்றார், காலை நீட்டிக்கொண்டு. "ஜட்ஜ் முன்னாடி எப்பவும் பேப்பர் இருக்கும்மா. யாரும் மேஜையைத் தூக்க மாட்டாங்க."

டெலியாவின் படமும் வரும். நீங்களும் பார்ப்பீர்கள். உணவகத்தில் ஒரு கிழவர், அந்தப் பெண்ணின் முகத்தைப் பார்க்க முடியாமல், கொஞ்சம் கீழேயே பார்த்துக்கொண்டிருப்பார். "என்னமா நடிக்கிறான் பாரு" என்று பக்கத்து சீட்டுக்காரர் உங்களிடம் சொல்வார்.

என் வேலை முடிந்தது. அந்த சீட்டுக்காரரிடம் என்ன பதில் சொல்வது என்று நீங்கள் முடிவுசெய்துகொள்ளுங்கள். ஹார்லனுக்கு இன்னும் வேலை இருக்கிறது.